கணுவுக்குக் கீழே

வேர்கள் எல்லாம் ஒரே பக்கம் திரும்பியிருந்தன.

சமையலறை ஜன்னல் திட்டில் ஏழு பாட்டில்கள். ஜாம் பாட்டில், இருமல் மருந்து பாட்டில், மூடி தொலைந்த காபித்தூள் பாட்டில், எந்தக் குப்பையிலிருந்து பொறுக்கி வந்ததோ தெரியாத ஒரு நீலக் கண்ணாடிச் சீசா. ஒவ்வொன்றிலும் பாதித் தண்ணீர், தண்ணீரில் ஒரு சாண் கொடி, கொடியின் உச்சியில் மெழுகு பூசினதுபோல் இரண்டு இலை. வேர் என்றால் கீழே இறங்கவேண்டும். இவை இறங்கவில்லை. ஆற்று நீரோட்டத்தில் நீளும் முடிபோல, ஓட்டமே இல்லாத தண்ணீருக்குள் பக்கவாட்டில் நீண்டிருந்தன. வெளிச்சம் வரும் ஜன்னலை விட்டு, அறைக்குள் பக்கமாக. அடுப்பை நோக்கியும் இல்லை, கதவை நோக்கியும் இல்லை. சாப்பாட்டு மேஜையின் ஓரத்தில் உட்கார்ந்து அவள் டீ குடித்துக்கொண்டிருந்த நாற்காலியை நோக்கி.

அவள் உதட்டைப் பிதுக்கினாள். வளர்க்கிறவளுக்கு நேராக ஒரு வார்த்தை பேசத் தெரியாது, அவள் வளர்க்கிற வேர் மட்டும் நேராக வளர்ந்துவிடுமா என்ன?

வளர்க்கிறவள் அவளுடைய தம்பியின் மனைவி. கல்யாணமாகி இந்த மூன்றாம் மாடி வீட்டுக்குள் நுழைந்த முதல் வாரத்திலேயே அவளுக்கு மனதுக்குள் ‘கீச்சு’ என்று பெயர் வைத்தாயிற்று. எண்ணெய் போடாத கதவுபோல ஒரு குரல். எதைச் சொன்னாலும் ‘சரிங்க அண்ணி’. திட்டினாலும் சரிங்க அண்ணி, திட்டாமல் முறைத்தாலும் சரிங்க அண்ணி. உப்பும் இல்லை, உறைப்பும் இல்லை. ஆறு வருடம் சுவரோடு குடித்தனம் நடத்தியிருந்தால்கூடச் சுவர் அவ்வப்போது காரை உதிர்த்தாவது தன் மனக்குறையைச் சொல்லியிருக்கும். தம்பியோ அதற்கு மேல். ஒரு சின்ன அச்சகத்தில் காகிதம் வெட்டும் மெஷினோடு வேலை. வீட்டுக்கு வந்தால் அக்கா என்ன சொல்கிறாள் என்று பார்ப்பான், பிறகு மனைவி என்ன சொல்கிறாள் என்று பார்ப்பான், இரண்டு பேரும் ஒன்றும் சொல்லாவிட்டால் டிவியைப் பார்ப்பான்.

அவளுக்கு நாற்பத்தெட்டு வயது. ஒரு பெரிய ஆஸ்பத்திரியின் தரைக்குக் கீழ்த் தளத்தில் இருபத்திரண்டு வருடமாக எக்ஸ்ரே எடுக்கிறாள். திரும்பிப் படுங்க, தாடையைத் தூக்குங்க, மூச்சை இழுத்துப் பிடிங்க, ம், விடுங்க. ஒரு நாளைக்கு எழுபது, எண்பது பேர். ‘மேடம், உள்ள என்னமோ ஊர்ற மாதிரி இருக்கு’ என்பார்கள். ‘ராத்திரி எலும்புக்குள்ள சத்தம் கேக்குது’ என்பார்கள். படத்தில் ஒன்றும் இருக்காது. எலும்பு எலும்பாகவே இருக்கும். மனிதர்களின் பயத்துக்குள்ளே ஒன்றுமே இல்லை என்பதை இத்தனை ஆயிரம் முறை கண்ணால் பார்த்தவளுக்கு, பயப்படுகிற எவரைக் கண்டாலும் ஒரு இளக்காரம்.

மறுநாள் காலையில் வேண்டுமென்றே வாசல்பக்க நாற்காலியில் உட்கார்ந்து டீ குடித்தாள். அதற்கு மறுநாள் பார்த்தாள். ஏழு பாட்டிலிலும் வேர்கள் வாசல்பக்க நாற்காலியின் திசையில் நீண்டிருந்தன.

“இதையெல்லாம் நீ திருப்பி வைக்கிறியா?” என்று கேட்டாள்.

கீச்சு ஒரு இலையைத் துடைத்துக்கொண்டிருந்தாள், குழந்தைக்கு முகம் துடைக்கிற மாதிரி. “இல்லீங்க அண்ணி. வேர் விடுற சமயத்துல அசைக்கவே கூடாது. பிஞ்சு வேர். தொட்டாலே ஒடிஞ்சிடும்.”

இதுவும் கீச்சுவின் இன்னொரு தொல்லை. மற்ற விஷயங்களில் வாயைத் திறக்கத் தெரியாதவள், கொடி வெட்டுவதைப் பற்றி மட்டும் பிரசங்கமே செய்வாள். தண்டில் முட்டிபோல் புடைத்திருக்கும் இடம் கணு. கணுவுக்கு அரை விரல் கீழே சாய்வாக வெட்டவேண்டும். கத்தரியை ஸ்பிரிட்டில் துடைத்துவிட்டுத்தான் வெட்டவேண்டும். கணு தண்ணீருக்குள் முங்கியிருக்கவேண்டும், இலை முங்கக்கூடாது. கணு இல்லாத தண்டு வருடக்கணக்கில் தண்ணீரில் நின்றாலும் அழுகுமே தவிர வேர் விடாது. எதிர்வீட்டு டீச்சரிடம், கீழ்வீட்டுத் தையல்காரப் பெண்ணிடம், தண்ணீர் மீட்டர் பார்க்க வந்தவனிடம்கூட இதைச் சொல்லி ஆளுக்கொரு குச்சி கொடுத்து அனுப்பியிருந்தாள். இந்தக் கட்டடத்தில் எந்த ஜன்னலைப் பார்த்தாலும் அதே இலை.

“எல்லாம் ஒரே செடிதாங்க அண்ணி,” என்றாள் ஒருநாள். “விதை போட்டா வேற செடி வரும். வெட்டி வெச்சா அதே செடிதான் அங்கயும் இருக்கும். ஒரே உயிரு, பத்து வீட்டுல.”

அன்றைக்குத்தான் அவள் கீச்சுவிடம் அந்தச் சொல்லைச் சொன்னாள். தம்பியும் பக்கத்தில் இருந்தான். “வயித்துல ஒண்ணும் வளரல. பாட்டில்லயாவது வளரட்டும், விடு.”

தம்பி டிவியின் சத்தத்தைக் கூட்டினான். கீச்சு அவள் முகத்தை ஒருமுறை நிமிர்ந்து பார்த்தாள். அழவில்லை. கோபப்படவும் இல்லை. எந்த இடத்தில் வெட்டலாம் என்று கொடியைப் பார்ப்பாளே, அப்படிப் பார்த்தாள். பிறகு, “சரிங்க அண்ணி,” என்றாள்.

கால் வீக்கம் அவளுக்குப் பல வருடத் தொல்லை. நாள் முழுக்க ஈய ஏப்ரனைச் சுமந்துகொண்டு நின்றால் சாயங்காலம் கணுக்கால் இரண்டும் உருண்டு திரண்டு செருப்பின் வாரில் பிதுங்கும். வீட்டுக்கு வந்து ஹாலில் நாற்காலியில் சாய்ந்தால், கீச்சு ஒரு பிளாஸ்டிக் பேசினில் வெதுவெதுப்பான தண்ணீர் கொண்டுவந்து காலடியில் வைப்பாள். இத்தனை வருடத்தில் ஒருநாளும் அவள் அதைக் கேட்டதில்லை. ஒருநாளும் நன்றி சொன்னதும் இல்லை. தண்ணீர் வரும், கால் உள்ளே போகும், அவ்வளவுதான். குழாயைத் திறந்தால் தண்ணீர் வருகிறது என்பதற்காகக் குழாய்க்கு யாராவது நன்றி சொல்கிறார்களா?

அந்தச் சொல்லுக்குப் பிறகு வந்த வாரங்களில் தண்ணீரின் வாசனை மாறியது. முதலில் அவள் பெரிதுபடுத்தவில்லை. மழை பெய்து நின்ற பிறகு தோட்டத்து மண்ணிலிருந்து எழும் வாசனை, கூடவே புல் வெட்டினதுபோல் ஒரு பச்சை நெடி. கால் வைத்தால் தண்ணீர் லேசாக வழவழத்தது.

“என்னத்தைக் கலந்தே?”

“வேர் விட்ட தண்ணிங்க அண்ணி. பாட்டில்ல மாத்துற பழைய தண்ணி. புதுசா வைக்கிற குச்சிக்கு இதை ஊத்தினா சீக்கிரமா வேர் பிடிக்கும். அதுல சத்து இருக்கு. அதான் உங்க காலுக்கும்...”

“பைத்தியமா நீ? அழுக்குத் தண்ணில என் காலை வைக்கச் சொல்றியா?”

“சரிங்க அண்ணி. நாளைலேர்ந்து மாத்திடறேன்.”

ஆனால் மறுநாள் காலை வீக்கம் வற்றியிருந்தது. வருடக்கணக்கில் மாத்திரைக்கு மசியாத வீக்கம். அன்று சாயங்காலம் அதே வாசனைத் தண்ணீர் வந்தபோது அவள் இரண்டு காலையும் உள்ளே வைத்தாள். இந்த அசட்டுக்கும் ஒரு உபயோகம் இருக்கிறது என்று மட்டும் நினைத்துக்கொண்டாள்.

முதலில் தாகம் போயிற்று. ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோன தண்ணீர் பாட்டில் மூடி திறக்காமலே திரும்பி வந்தது. காலை டீ ஆடை கட்டி ஆறிப்போனது. உதடு வறண்டு வெடித்தது, ஆனால் குடிக்கத் தோன்றவில்லை. குடித்தால் தொண்டை அதை வேண்டா விருந்தாளியைப்போல் உள்ளே விட்டது. ஆனால் சாயங்காலம் பேசினில் கால் வைத்த மாத்திரத்தில் உடம்பு முழுக்க ஒரு குளுமை ஏறும். பாதத்தில் தொடங்கி, முழங்கால், தொடை, இடுப்பு, முதுகுத்தண்டு என்று படிப்படியாக. வேலை அலுப்பு, ஓய்வு கிடைக்கிறது, அவ்வளவுதான் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். பேசினில் தண்ணீர் ஒவ்வொரு நாளும் இரண்டு அங்குலம் குறைந்திருந்ததை மின்விசிறியின் கணக்கில் சேர்த்தாள்.

பிறகு கணுக்காலில், எலும்பு முட்டிக்குக் கீழே, வரிசையாகச் சின்னச் சின்ன வெள்ளைப் பொட்டுகள். சோளப்பொரி உடைந்த துணுக்குபோல. குளியலறையில் உட்கார்ந்து பாதம் தேய்க்கும் கல்லால் தேய்த்தாள். உதிர்ந்தன. ரத்தம் வரவில்லை. உதிர்ந்த இடத்தில் கண்ணீர்போலத் தெளிவான ஒரு துளி கசிந்து நின்றது. தொட்டு முகர்ந்தாள். பச்சை வாசனை.

மூன்று நாளில் பொட்டுகள் மறுபடி வந்தன. முன்னைவிட நீளமாக.

வேலை நடுவில் ஒருநாள் தூணோரம் நின்ற வயதான நோயாளி ஒருவர் சொன்னார், “மேடம், கொஞ்சம் அந்தப் பக்கம் தள்ளி நிக்கிறீங்களா, எனக்கு வெளிச்சம் மறைக்குது.” அவள் அப்போதுதான் கவனித்தாள். அந்தக் கீழ்த்தளத்தின் ஒரே வெளிச்சத் துவாரம், கூரையோரம் இருக்கும் அந்தச் சின்னக் கண்ணாடி ஜன்னல், அதன் நேர்கீழே முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு அவள் நின்றிருந்தாள். எவ்வளவு நேரமாக என்று தெரியவில்லை. வரிசையில் பதினோரு பேர் காத்திருந்தார்கள்.

“உக்காருங்க பெரியவரே, உங்க வெளிச்சத்தை யாரும் தூக்கிட்டுப் போகல,” என்று சீறினாள். அறையே சிரிக்கும் என்று எதிர்பார்த்தாள். யாரும் சிரிக்கவில்லை.

மதியம் சாப்பாட்டு நேரத்தில் எல்லாரும் மேலே போன பிறகு, வார்டுக்குத் தள்ளிக்கொண்டு போகும் சின்ன மெஷினை மூலை அறைக்கு உருட்டிப் போனாள். கதவைச் சாத்தினாள். ஸ்டூலில் உட்கார்ந்து இடது காலைத் தகட்டின்மேல் வைத்தாள். கை சுவிட்சின் சுருள் வயரை எட்டும் மட்டும் இழுத்தாள். இது வெறும் தோல் வியாதி. படத்தில் எலும்பு எலும்பாக இருக்கும். மனதுக்குள் ஒரு கேள்வி வந்தால் அதை ஒரு படம் எடுத்து அடைத்துவிடவேண்டும், அவ்வளவுதான் விஷயம்.

சுவிட்சை அழுத்தினாள். திரையில் படம் வந்தது.

எலும்பு எலும்பாகத்தான் இருந்தது. கணுக்கால் மூட்டு வரைக்கும். அதற்குக் கீழே, எலும்பின் வெள்ளை விளிம்பு தெளிவாக முடியவேண்டிய இடத்தில், அது முடியவில்லை. நூல்நூலாகப் பிரிந்திருந்தது. நாற்பது, ஐம்பது நூல்கள். சதைக்குள் வழி தேடி, வளைந்து, சில தோலின் விளிம்பைத் தொட்டு நின்றன.

தகட்டில் தூசி. துடைத்துவிட்டு எடுத்தாள். அதேதான்.

தோலில் நார் ஒட்டியிருக்கும். காலை ஸ்பிரிட் போட்டு எரியத் தேய்த்தாள். ஸ்பிரிட் வாசனை அறையெங்கும் பரவியது. மறுபடி எடுத்தாள். அதேதான்.

வலது காலை வைத்தாள். அதில் இன்னும் அதிகம்.

ஒரு நிமிடம் படங்களைப் பார்த்தபடியே இருந்தாள். பிறகு எல்லாவற்றையும் அழித்தாள். வெளியே வந்தபோது நடையில் எலும்பு டாக்டர் எதிரில் வந்தார். இருபது வருடப் பழக்கம். நாலு அடி வைத்தால் போதும், சொல்லிவிடலாம்.

“டாக்டர்...”

“என்னம்மா?”

காலுக்குள்ள என்னமோ வளருது டாக்டர். வாக்கியம் நாக்கின் நுனி வரைக்கும் வந்தது. எத்தனை பேர் எத்தனை தடவை இதே மாதிரி சொல்லக் கேட்டிருக்கிறாள். அவர்கள் கதவைத் தாண்டின பிறகு இதே டாக்டரிடம் குரலை மாற்றி நடித்துக் காட்டியிருக்கிறாள். இரண்டு பேரும் சேர்ந்து சிரித்திருக்கிறார்கள். அந்தச் சிரிப்பு டாக்டரின் உதட்டோரத்தில் தயாராக இருப்பதுபோல் இருந்தது.

“ஒண்ணுமில்ல டாக்டர். வெளில மழையான்னு கேக்க வந்தேன்.”

அன்று நாலு மணிக்கே வீட்டுக்கு வந்தாள். வீட்டில் யாருமில்லை. சமையலறை முழுக்கப் பச்சை வெளிச்சம். ஜன்னல் திட்டில் இப்போது பதினெட்டு பாட்டில்கள். அவள் யோசிக்கவில்லை. முதல் பாட்டிலைப் பிடித்து, கொடியை உருவி, தண்ணீரைத் தொட்டியில் கவிழ்த்தாள். வேர்கள் பாட்டில் வாயில் மாட்டி, இழுத்தபோது ‘சொத்’ என்று ஒரு ஈரச் சத்தத்தோடு அறுந்தன. இரண்டாவது. மூன்றாவது. ஒவ்வொன்றாகப் பிடுங்கிக் குப்பைக் கூடைக்குள் திணித்து, காலால் மிதித்து, மூடியைப் போட்டாள். பதினெட்டும் முடிந்தபோது மூச்சு வாங்கியது. சிரிப்பும் வந்தது. இவ்வளவுதான். களை பிடுங்குகிற வேலை. இதற்கா பயந்தோம் என்று தன்னையே ஒரு கணம் கேவலமாக நினைத்தாள்.

அரை மணி நேரம் கழித்துக் கால் எரிய ஆரம்பித்தது.

வெடிப்பு மண்ணில் வெயில் இறங்குவதுபோல ஒரு எரிச்சல். பாதம் சுருங்கியது. கண்ணெதிரே தோல் சுருங்கி மடிந்தது. குதிகாலிலிருந்து முழங்கால் வரை ஏதோ ஒன்று உள்ளே புரண்டு புரண்டு எதையோ தேடியது. தேடிக் கிடைக்காமல் இன்னும் மேலே ஏறியது. தொடைக்கு. இடுப்புக்கு. சுவரைப் பிடித்துக்கொண்டு குளியலறைக்குப் போனாள். பேசினை எடுத்தாள். குழாயைத் திறந்தாள். இந்த வீட்டில் முதல்முறையாகத் தன் கையாலேயே தண்ணீர் நிரப்பி, அதை இழுத்துக்கொண்டே ஹாலுக்கு வந்து, நாற்காலியில் விழுந்து, இரண்டு காலையும் உள்ளே வைத்தாள்.

ஆ.

எரிச்சல் அடங்கியது. குளுமை ஏறியது. கண் செருகியது. இரண்டே நிமிடம். பிறகு எடுத்துவிடலாம்.

கண் விழித்தபோது சாயங்கால வெளிச்சம் சுவரில் இருந்தது. காலைத் தூக்கினாள். கால் வரவில்லை. குனிந்து பார்த்தாள்.

பேசினுக்குள் தண்ணீர் தெரியவில்லை. வெள்ளையாக, அடர்த்தியாக, சுருண்டு சுருண்டு, ஒன்றின்மேல் ஒன்று ஏறி, பேசினின் வட்டத்தையே தன் வடிவமாக்கிக்கொண்டு வேர்கள் நிறைந்திருந்தன. அவற்றின் நடுவில் அவளுடைய கணுக்கால்கள் இரண்டும் இறங்கியிருந்தன. பாதம் எங்கே என்று தெரியவில்லை. விரல்களை அசைத்தாள். எங்கேயோ அசைந்தது. ஐந்தாக அல்ல. நூறாக.

கதவு திறந்தது. கீச்சு கையில் பையோடு நின்றாள். காலி ஜன்னல் திட்டைப் பார்த்தாள். குப்பைக் கூடையைப் பார்த்தாள். பிறகு பேசினைப் பார்த்தாள். பையைக் கீழே போட்டுவிட்டு ஓடிவந்து மண்டியிட்டாள். அவள் முகம் அப்படி மலர்ந்து இந்த ஆறு வருடத்தில் யாரும் பார்த்ததில்லை.

“ஏங்க! இங்க வாங்களேன்! வந்துடுச்சு! வேர் வந்துடுச்சு!”

தம்பி பின்னால் படியேறி வந்தான். எட்டிப் பார்த்தான். கண்கள் விரிந்தன.

“டேய்,” என்றாள் அவள். “டேய், டாக்டரைக் கூப்பிடுடா.”

தம்பி மனைவியைப் பார்த்தான். அக்காவைப் பார்த்தான். மறுபடி மனைவியைப் பார்த்தான். இந்த முறை அக்கா பக்கம் பார்வை திரும்பி வரவில்லை.

“அசையாதக்கா,” என்றான் மெதுவாக. “பிஞ்சு வேர். ஒடிஞ்சிடும்.”

நாற்காலியோடு தூக்கி அவளை ஜன்னலோரம் வைத்தார்கள். நேர் வெயில் ஆகாது என்று கீச்சு மெல்லிய திரை ஒன்றைத் தொங்கவிட்டாள். முதல் இரண்டு நாள் அவள் கத்தினாள். மூன்றாம் நாள் வாய்க்குள் ஈரம் இல்லை. நாக்கு மரத்துண்டுபோல் கிடந்தது. காற்று வந்தது, சத்தம் வரவில்லை. தம்பி ஆஸ்பத்திரிக்கு லீவு லெட்டர் எழுதினான். அவன் எழுத்துப்பிழைகளைப் பார்த்து, அந்த நிலையிலும் அவளுக்கு அருவருப்பாக இருந்தது. யாராவது விசாரிக்க வருவார்கள் என்று காத்திருந்தாள். யாரும் வரவில்லை. இருபத்திரண்டு வருடத்தில் வந்து விசாரிக்கத் தோன்றும்படி அவள் யாரிடமும் நடந்துகொண்டதில்லை.

பசி இல்லை. தூக்கம் இல்லை. வெளிச்சம் வந்தால் நிம்மதி, போனால் காத்திருப்பு. தினமும் காலை கீச்சு பஞ்சை நனைத்து அவள் முகத்தைத் துடைத்தாள். நெற்றி, கன்னம், காதுமடல். மேலிருந்து கீழே, ஒரே திசையில். “இன்னிக்கு நல்லா நிறம் வந்திருக்கீங்க அண்ணி,” என்றாள். அந்தக் குரலில் கேலி இல்லை. பழிவாங்கும் சந்தோஷம் இல்லை. எங்காவது ஒரு துளியாவது வெறுப்பு இருக்காதா என்று அவள் அந்த முகத்தில் தேடினாள். வெறுப்பு இருந்தால் பதிலுக்கு வெறுக்கலாம். வெறுப்பு அவளுக்குத் தெரிந்த வேலை. ஆனால் அந்த முகத்தில் இருந்தது அக்கறை மட்டும்தான்.

இரண்டாவது வாரம் எதிர்வீட்டு டீச்சர் வந்தாள். கட்டைக் குரல், கையில் எப்போதும் சிவப்புப் பேனா. அவளைக் கண்டால் டீச்சருக்கு எப்போதுமே ஆகாது. ஆனாலும் இப்போது நாற்காலியைக் கண்டு நிச்சயம் அலறுவாள். போலீஸ், ஆம்புலன்ஸ், கூட்டம். அவள் உயிரையெல்லாம் கண்ணுக்குக் கொண்டுவந்து டீச்சரைப் பார்த்தாள்.

டீச்சர் குனிந்து பார்த்தாள். கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு, பேசினை ஒரு சுற்றுச் சுற்றிவந்து பார்த்தாள்.

“அட. என்னமா வந்திருக்கு! நீ குடுத்த கொடி எங்க வீட்டுல வாடிடுச்சு. இதுல ஒண்ணு குடேன்.”

“எது வேணும் டீச்சர்?”

“சின்னதா போதும். ஜன்னல்ல இடமில்ல.”

ஸ்பிரிட் வாசனை வந்தது. கத்தரியைத் துடைக்கும் பஞ்சின் சரசரப்பு. கீச்சு அவளுடைய இடது கையை எடுத்துத் தன் மடியில் விரித்தாள். ஆள்காட்டி விரலின் மூட்டுகளை ஒவ்வொன்றாகத் தடவி எண்ணினாள். இங்க ஒண்ணு. இங்க ஒண்ணு. இங்க ஒண்ணு.

கையை இழுக்கவேண்டும். இழுத்தாள். கை மடியிலேயே கிடந்தது.

“கணுவுக்குக் கீழ, சாய்வா,” என்று கீச்சு டீச்சருக்குக் காட்டினாள். அவள் முகத்துக்கு நேராகக் குனிந்து, “வலிக்காதுங்க அண்ணி,” என்றாள்.

வலிக்கவில்லை.

ரத்தம் வரவில்லை. தெளிவான ஒரு துளி. டீச்சர் நன்றி சொன்னாள். கதவு சாத்தப்பட்டது. எதிரே இன்னொரு கதவு திறந்தது. மூடியது. அதன் பிறகுதான்.

குளிர்ந்த தண்ணீர். இந்தப் பேசினில் அல்ல. வேறெங்கோ, ஒரு குறுகலான கண்ணாடிக்குள், இல்லாத விரலைச் சுற்றி. கண்ணாடியின் வழவழப்பு. அடியில் ஒரு சின்ன மேடு. அவளுக்குத் தெரியாத ஒரு ஜன்னலின் வெயில் நகத்தின்மேல் விழுந்தது. அவள் தன் கையைப் பார்த்தாள். அங்கே விரல் இல்லை. ஆனால் விரல் நனைந்துகொண்டிருந்தது.

தையல்காரப் பெண் வந்தாள். மீட்டர் பார்க்கிறவன் வந்தான். மூன்று ஜன்னல், ஐந்து ஜன்னல். ஒன்றில் புகை நெடி. ஒன்றில் நாள் முழுக்கத் தையல் மெஷினின் அதிர்வு, தண்ணீரைக் கடந்து, எலும்பைக் கடந்து. எல்லா இடத்திலும் அவள் இருந்தாள். எந்த இடத்திலும் வாய் இல்லை.

பிறகு ஒரு மத்தியானம். எதிர்வீட்டுக் கண்ணாடிச் சீசாவை யாரோ தூக்கினார்கள். தண்ணீர் ஆடியது. வெளிச்சத்துக்குக் கொண்டுபோனார்கள். மிக அருகில் ஒரு மூச்சு, சூடாக, நகத்தின்மேல். இரண்டு விரல்கள் வந்து அவளைத் தண்ணீரிலிருந்து வெளியே எடுத்து, உள்ளங்கையில் கிடத்தி, புரட்டின. வேர்களிலிருந்து நீர் சொட்டியது. சுவர்களுக்கு அப்பாலிருந்து டீச்சரின் கட்டைக் குரல் அவள் காதுக்குக் கேட்டது, யாரையோ சந்தோஷமாகக் கூப்பிட்டபடி.

“இங்க வந்து பாரேன். இதுல ரெண்டு கணு இருக்கு. நடுவுல வெட்டினா உங்க அம்மா வீட்டுக்கும் ஒண்ணு ஆகும்.”

ஜன்னலோர நாற்காலியில் அவள் வாயைத் திறந்தாள். திறந்த வாய்க்குள், காய்ந்த நாக்கின் அடியிலிருந்து, இறுகச் சுருட்டிய ஒரு வெளிர்பச்சை இலை மெல்ல வெளிச்சத்தை நோக்கி நீண்டது. எதிர்வீட்டில் கத்தரியின் இரண்டு குளிர்ந்த அலகுகள் அவளுக்கு மேலும் கீழுமாக வந்து நின்றன.